இன்று பிறந்த பிரவுசர்

“மேடம், இந்த லைப்ரரி பொய் சொல்லுது.”

நிலோஃபர் தன் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

“யார்கிட்ட?”

“என்கிட்டதான்.”

“என்னன்னு?”

“பட்டனை அழுத்த முடியலைங்குது. பட்டன் என் கண்ணு முன்னாடி இருக்கு மேடம்.”

பரஞ்சோதிக்கு வயது ஐம்பத்து மூன்று. நிலோஃபருக்கு முப்பத்தொன்று. வேலை பார்த்த பஸ் கம்பெனி மூடிய பிறகு, தலை நரைத்த பிறகு, பரஞ்சோதி மென்பொருளைச் சோதிக்கும் தொழிலுக்கு வந்திருந்தார். கற்றுக்கொடுப்பவர் நிலோஃபர். திருச்சியின் அந்த மூன்றாம் மாடி அலுவலகத்தில் இதைப் பார்த்து முதலில் சிலர் சிரித்தார்கள். இருவரும் சிரிக்காததால் நிறுத்திவிட்டார்கள்.

லைப்ரரி என்பது சில கோப்புகள்தான். அது தானாக ஒரு பிரவுசரைத் திறக்கும். மனிதரைப் போலவே பக்கத்தைப் பார்க்கும், பெயரை எழுதும், பட்டனை அழுத்தும். எல்லாம் நடந்தால் பச்சை. ஏதாவது ஒன்று நடக்காவிட்டால் சிவப்பு.

பரஞ்சோதிக்குக் காலையிலிருந்து சிவப்பு.

ஒரு மருத்துவமனைக்காக அவர்கள் செய்த இணையதளம் அது. டயாலிசிஸ் செய்துகொள்பவர்கள் வரிசையில் வந்து நிற்காமல் வீட்டிலிருந்தே தங்கள் நேரத்தைப் பதியலாம். பெயர், நாள், நேரம், கடைசியில் ‘உறுதி செய்’ என்று ஒரு பட்டன். அந்தப் பட்டனில்தான் லைப்ரரி நின்றுவிடுகிறது. ‘வேறு ஏதோ குறுக்கே இருக்கிறது’ என்கிறது.

நிலோஃபர் இப்போது திரும்பினார். பரஞ்சோதியின் கையிலிருந்த டீ தம்ளரை வாங்கி மேஜையில் வைத்தார். அதன் வாயைத் தன் உள்ளங்கையால் மூடினார்.

“டீ இருக்கா சார்?”

“இருக்கு.”

“குடிங்க.”

“கையை எடுங்க மேடம்.”

“டீ இருக்குன்னீங்களே.”

பிறகு கையை எடுத்துவிட்டுத் தன் வேலைக்குத் திரும்பினார்.

பரஞ்சோதி தம்ளரோடு தன் இடத்துக்கு வந்தார். கேலி செய்கிறாரா, சொல்லிக்கொடுக்கிறாரா? இந்த வயதில் இரண்டுக்கும் வித்தியாசம் தெரிய வேண்டும். தெரியவில்லை.

தன் பிரவுசரில் பக்கத்தைத் திறந்தார். பட்டனின் மேல் எதுவும் இல்லை. அழுத்தினார். ‘உங்கள் நேரம் பதிவாகிவிட்டது’ என்று வந்தது. மறுபடி அழுத்தினார். மறுபடி வந்தது.

“என்ன பரஞ்சோதி சார், தவமா?”

அலுவலகத்தின் மேலாளர் ஜெரால்டு பின்னால் நின்றார்.

“நாலு மணிக்கு ஆஸ்பத்திரி டாக்டரம்மா வர்றாங்க. அவங்க முன்னாடி தளத்தைத் திறந்து விடறோம். உங்க சோதனைக் காலமும் இன்னையோட முடியுது. பச்சை காட்டுங்க, வேலை நிரந்தரம். இல்லேன்னா பென்ஷன் ஆபீஸ் பக்கம் போய்ப் பாருங்க.”

“எனக்குப் பென்ஷன் கிடையாதே சார்.”

“அப்ப பச்சை காட்டுங்க.”

ஜெரால்டு போன பிறகு பரஞ்சோதி வெகுநேரம் சிவப்பையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு லைப்ரரியின் கோப்புகளை ஒவ்வொன்றாகத் திறந்து படிக்க ஆரம்பித்தார்.

அந்த இடம் கிடைத்தது. அழுத்துவதற்கு முன் அது ஒரு கணம் நிற்கிறது. பட்டனுக்கு மேல் வேறு ஏதாவது இருக்கிறதா என்று பார்க்கிறது. இருந்தால் அழுத்த மறுக்கிறது.

நிற்க வேண்டாம், பார்க்க வேண்டாம், நேராகப் போய் அழுத்து என்று அந்த இடத்தைத் திருத்தினார்.

ஓடவிட்டார்.

பச்சை.

ஜெரால்டு அறையிலிருந்தே கட்டைவிரலை உயர்த்திக் காட்டினார். பக்கத்து இருக்கையில் ஒருவர் கை தட்டினார். பரஞ்சோதி நிலோஃபரிடம் போனார்.

“பச்சை, மேடம்.”

“கதவு திறந்துச்சா? கதவையே கழட்டிட்டீங்களா?”

பரஞ்சோதி தன் திரையைத் திரும்பிப் பார்த்தார்.

“சரி, ஒண்ணு சொல்லுங்க. உங்க மெஷின்ல இருக்கிற பிரவுசருக்கு என்ன வயசு?”

“வயசா?”

“எப்பலேர்ந்து அதை வச்சிருக்கீங்க?”

“வேலைக்குச் சேர்ந்த அன்னைலேர்ந்து அதேதான்.”

“லைப்ரரி திறக்குதே, அந்தப் பிரவுசருக்கு?”

“அது ஒவ்வொரு தடவையும் புதுசா...”

சொல்லிக்கொண்டிருந்தவர் நிறுத்தினார்.

ஒவ்வொரு முறையும் அது புதிதாகத் திறக்கிறது. நேற்றைய எதுவும் அதற்குத் தெரியாது. அது இந்தப் பக்கத்தைப் பார்த்ததே இல்லை.

“போங்க சார்,” என்றார் நிலோஃபர். “மணி ஆகுது.”

பரஞ்சோதி ஏறக்குறைய ஓடினார்.

பழைய ஞாபகம் எதுவும் இல்லாத ஒரு புதுப் பிரவுசர் சன்னலைத் திறந்து, அதில் தளத்துக்குப் போனார். திரையில் வரைந்த ஒரு நர்ஸ் கை கூப்பி நின்றாள். ‘நல்வரவு.’ சுற்றிலும் பூக்கள். மெல்ல மங்கி மறைந்தாள்.

அவளை அவர் மறந்தே போயிருந்தார். வேலைக்குச் சேர்ந்த அன்று ஒரு முறை பார்த்தது. அப்போது ‘உறுதி செய்’ பட்டனே வந்திருக்கவில்லை. ஒருவருக்கு ஒரு முறைதான் வணக்கம் சொல்வாள். பிறகு அந்தப் பிரவுசருக்கு அவள் வருவதில்லை.

பெயரை எழுதினார். நாளையும் நேரத்தையும் தேர்ந்தெடுத்தார். பட்டன் பளிச்சென்று இருந்தது.

அழுத்தினார்.

ஒன்றும் நடக்கவில்லை.

அழுத்தினார். அழுத்தினார்.

நர்ஸ் மறைந்தாள், போகவில்லை. கண்ணாடித் தாள் போல, கண்ணுக்குத் தெரியாமல், பக்கத்தின் கீழ்ப்பாதியை மூடிக்கொண்டு அங்கேயே கிடந்தாள். முதல் முறை வருகிற யாரும் அந்தப் பட்டனைத் தொட முடியாது. தளம் திறந்ததும் வரப்போகிற அத்தனை நோயாளிகளும் முதல் முறை வருகிறவர்கள்.

லைப்ரரி காலையிலிருந்து இதைத்தான் சொல்லிக்கொண்டிருந்தது.

திருத்திய கோப்பைப் பழையபடி மாற்றினார். ஓடவிட்டார். சிவப்பு.

ஜெரால்டின் அறையில் டாக்டர் அமலோற்பவம் வந்து உட்கார்ந்திருப்பது கண்ணாடி வழியாகத் தெரிந்தது. மேஜையில் கேக் இருந்தது. யாரும் தன்னிடம் எதுவும் கேட்கப்போவதில்லை என்று பரஞ்சோதிக்குத் தெரியும். பச்சையை எல்லாரும் பார்த்தாகிவிட்டது. வேலை நிரந்தரம். பிழை வெளியே தெரிந்தாலும் பக்கத்தைச் செய்தவர்தான் பதில் சொல்ல வேண்டும். சும்மா உட்கார்ந்திருந்தால் போதும்.

சும்மா உட்கார்ந்திருந்தார்.

பிறகு எழுந்து போய்க் கதவைத் தள்ளினார்.

“சார், சிவப்பு.”

ஜெரால்டின் சிரிப்பு அப்படியே நின்றது. “இப்பதானே பச்சைன்னு காட்டுனீங்க?”

“அது நான் பண்ண பச்சை. நிஜத்துல சிவப்பு. அந்த நர்ஸ் பட்டனை மறைக்கிறாங்க.”

“எந்த நர்ஸ்?”

“வணக்கம் சொல்றவங்க.”

“அது நான் பண்ணது சார்! ஆசையா உட்கார்ந்து நானே பண்ணது. தினமும்தான் பட்டனை அழுத்தறோம், ஆபீஸே அழுத்துது, யாருக்கும் ஒண்ணும் ஆகலை. நாலு மணிக்கு வந்து நர்ஸ் மறைக்குதுங்கறீங்க?”

“பரஞ்சோதி சார் போய் உட்காருங்க, பேசிக்கலாம்” என்று சொல்ல அவர் வாயெடுப்பதற்குள், பரஞ்சோதி டாக்டர் பக்கம் திரும்பினார்.

“அம்மா, இந்தத் தளத்தை நீங்க திறந்து பார்த்திருக்கீங்களா?”

“நேரம் எங்கப்பா? இங்கதான் முதல் தடவை பார்க்கப்போறேன்.”

“உங்க போன்லயே பாருங்க. ஒரு நேரம் பதிஞ்சு காட்டுங்க.”

டாக்டர் கண்ணாடியை மாட்டிக்கொண்டார். “அட, வணக்கம்லாம் சொல்லுது,” என்றார். ஜெரால்டு பரஞ்சோதியை முறைத்தார். டாக்டர் ஒரு விரலால் மெதுவாகப் பெயரை எழுதினார். நாள். நேரம். பிறகு விரலைத் தூக்கி, பட்டனில் வைத்தார்.

மறுபடி வைத்தார்.

போனைக் கொஞ்சம் தள்ளிப் பிடித்துப் பார்த்தார். புடவைத் தலைப்பில் விரலைத் துடைத்துவிட்டு அழுத்தினார்.

“வரலையேப்பா.”

“வரலை!” என்றார் பரஞ்சோதி. அவ்வளவு சத்தமாக அவர் அந்த அலுவலகத்தில் பேசியதில்லை. “வரலை சார்! பாருங்க, வரலை!”

வெளியே தலைகள் எழுந்தன.

ஜெரால்டு போனை வாங்கினார். தானே அழுத்தினார். கட்டைவிரலால், ஆள்காட்டி விரலால், கடைசியில் நகத்தால். முகம் வெளுத்துப் போனது. தன் மெஷினை இழுத்து வைத்துக்கொண்டு எழுத ஆரம்பித்தார். ஆசையாக நர்ஸைச் செய்ய ஆன நேரத்தில் பாதிகூட, வணக்கம் சொன்னதும் அவளை முழுதாக வெளியே அனுப்ப ஆகவில்லை.

“ஓட்டுங்க சார்,” என்றார்.

பரஞ்சோதி ஓடவிட்டார். அறை வாசலில் கூட்டம் சேர்ந்திருந்தது. பின்னால் நிலோஃபரும் நின்றார்.

பிரவுசர் பிறந்தது. நர்ஸ் வந்தாள், வணங்கினாள், போனாள். பெயர். நாள். நேரம். லைப்ரரி பட்டனுக்கு முன்னால் ஒரு கணம் நின்றது. பார்த்தது. அழுத்தியது.

பச்சை.

அலுவலகம் ஊளையிட்டது. யாரோ மேஜையைத் தட்டினார்கள். ஜெரால்டு பரஞ்சோதியின் கையைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை. “திங்கட்கிழமை சீக்கிரம் வந்துருங்க சார், உங்களுக்கு நிறைய வேலை இருக்கு,” என்றார்.

தளம் திறக்கப்பட்டது. கேக்கை வெட்டும்போதே சுவரில் இருந்த பெரிய திரையில் முதல் பதிவு வந்து விழுந்தது. செவ்வாய்க்கிழமை, காலை ஏழு மணி, அரியநாச்சி.

“யாரது?” என்று எட்டிப் பார்த்தார் ஜெரால்டு. “நம்ம ஆளா? சோதனைக்குப் போட்ட பேரா?”

“இல்ல சார்,” என்றார் பரஞ்சோதி. “இப்பதான் முதல் தடவை வர்றாங்க.”