பாதியில் நின்ற எருமைக் கதை

நீர்க்கரைநாதருக்குத் தினமும் பன்னிரண்டு குடம் ஆற்றுநீர் சுமந்தவர் சடையாண்டியார். ஆறு கோயிலிலிருந்து முக்கால் மைல். விடிந்ததும் குளித்து, நீறு பூசி, ஒரு துணியால் வாயைக் கட்டிக்கொள்வார். சுமப்பவருடைய மூச்சும் எச்சிலும் திருமஞ்சன நீரில் படக்கூடாது என்பது அவ்வூர் வழக்கம். கருவறை வாசலருகே உள்ள கல்தொட்டியில் பன்னிரண்டாம் குடத்தையும் கவிழ்த்த பிறகு வாய்க்கட்டை அவிழ்ப்பார். முகத்தைத் துடைத்துக்கொண்டு ஈசனோடு பேசத் தொடங்குவார்.

நமக்குத் தலைவலி தொடங்குவதும் இங்கேதான். அடியார் என்றால் உருகிப் பாடவேண்டும். இல்லையென்றால் கண்ணீர் பெருக நிற்கவாவது வேண்டும். வரலாறு எழுதுகிறவனுக்கு அதுதான் வசதி. இந்த மனிதர் இரண்டும் செய்யவில்லை. சந்தையில் யார் வழுக்கி விழுந்தார், யார் வீட்டுப் பூனை யார் வீட்டில் குட்டி போட்டது என்று ஊர்ச் சேதியெல்லாம் சொல்லி இறைவனைச் சிரிக்கவைக்கப் பார்த்தார். மந்திரம் ஒன்றும் தெரியாத தமக்கு இதுதான் பூசை என்று வேறு சொல்லிக்கொண்டார். இதை எந்தத் தலைப்பின் கீழ் எழுதுவது?

ஒரு கோடையில் ஆறு வற்றிப்போனது. ஊற்றுத் தோண்டி ஒரே ஒரு குடம் கொண்டுவந்தவர், “சாமி, இன்னைக்கு முகத்தை மட்டும் கழுவிக்கும்” என்றார். தீபத்தட்டோடு நின்ற குருக்கள் சிரித்துவிட்டு, அதற்காகத் தனியே பிராயச்சித்தம் செய்துகொண்டார். பிறகொரு ஐப்பசியில் புயல் சடையாண்டியாருடைய குடிசைக் கூரையைப் பெயர்த்துக்கொண்டு போனது. மறுநாளும் பன்னிரண்டு குடம் வந்தது. நட்சத்திரம் பார்க்க இனி வாசலுக்குப் போகவேண்டாம் என்று அவர் ஈசனிடம் சொன்னது ஊரெல்லாம் பரவிவிட்டது. நனைந்த அரிசியை உலர்த்திக்கொண்டிருந்த அவர் மனைவி பூவாயியின் காதுக்கும் அது வந்தது. அந்த அம்மையார் அன்று என்ன சொன்னார் என்பதை எழுதாமல் விடுவதே நமக்குக் கௌரவம்.

ஆனால் ஊர் அவரைச் சுற்றியே நின்றது. பொதுவேலியில் நின்ற தென்னைக்காக இரண்டு பங்காளிகள் மூன்று வருடம் பேசாமல் இருந்தார்கள். பெரியவர்கள் சொல்லிக் கேட்கவில்லை. ஒருநாள் இருவரும் மரத்தடியில் முறைத்துக்கொண்டு நின்றபோது, பன்னிரண்டு குடமும் முடித்து அந்த வழியாகத் திரும்பிய சடையாண்டியார், “சண்டையை எவ்வளவு நேரம் வேணும்னாலும் போடுங்க. மரத்துக்கு அடியில நிக்காதீங்க. காய் முத்தியிருக்கு” என்று சொல்லிவிட்டுப் போனார். முதலில் தம்பி சிரித்தான், பிறகு அண்ணனும் சிரித்தான், சிரித்த பிறகு முறைத்துக்கொண்டு நிற்க இருவருக்கும் கூச்சமாகிவிட்டது.

அவருக்கும் ஒரு குறை இருந்தது. கதை கேட்கிறவர் இடையிடையே ‘உம்’ கொட்டவேண்டும். அது இல்லாவிட்டால் சொல்கிறவருக்குத் தொண்டை வற்றிவிடும். இருபத்திரண்டு ஆண்டுகளாகக் கதை சொல்லியும் நீர்க்கரைநாதர் ஒரு ‘உம்’ கொட்டியதில்லை. கல்லிடம் கதை சொல்லும் கிறுக்கன் என்று சிலர் கேலி பேசினார்கள். கேட்கிறாரோ இல்லையோ என்ற சந்தேகம் அவரையும் அரித்தது. ஆனாலும் ஒருநாளும் கதை நிற்கவில்லை.

அதை நிறுத்தியவர் அருளம்பலப் பண்டிதர். நாற்பது ஆண்டு புராணம் சொன்ன பெரும் படிப்பாளி. தினமும் காலையில் சந்நிதிக்கு எதிர் மண்டபத்தில் அமர்ந்து விரித்துரைப்பார். கேட்பவர்கள் பன்னிரண்டாம் குடம் கவிழும் ஓசை வந்ததும் ஒருவர்பின் ஒருவராக எழுந்து தொட்டிப்பக்கம் போய்விடுவார்கள். ஒருநாள் எஞ்சியிருந்தவர்கள் மூவர். அவர்களில் ஒருவர் தூங்கிக்கொண்டிருந்தார். பண்டிதருக்கு எப்படி இருந்திருக்கும்? எரிச்சல் தாங்காமல் ஏட்டை மூடிவிட்டு எழுந்து வந்தார்.

சடையாண்டியார் அப்போது தம் மச்சானுடைய எருமையைப்பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தார். கொம்பு இரண்டு பக்கமும் அகல விரிந்த எருமை. மழைக்கு ஒதுங்கி வீட்டுக்குள் புகுந்துவிட்டது. உள்ளே திரும்பி நின்றால் கொம்பு நிலைக்கதவைத் தாண்டவில்லை. ஒருவர் கொம்பை அறுக்கச் சொன்னார், ஒருவர் சுவரை இடிக்கச் சொன்னார். கொத்தனார் கடப்பாரையோடு வந்து நின்றார். கதை அந்த இடத்துக்கு வந்தபோதுதான் பண்டிதர் இடைமறித்தார். சந்நிதியில் எச்சில் தெறிக்க எருமைக் கதை பேசுவது அபசாரம், கோயில் மதிலுக்குள் இனி வாய்க்கட்டு அவிழக்கூடாது என்றார். சடையாண்டியார் துணியை எடுத்துக் கட்டிக்கொண்டார்.

அதன்பிறகு பன்னிரண்டு குடமும் வந்தன, பேச்சு வரவில்லை. கட்டிய வாயோடு சந்நிதியில் நின்றுவிட்டுப் போய்விடுவார். கோபித்துக்கொண்டு பேசாமல் இருப்பதாக இறைவன் நினைத்துவிடுவாரோ என்ற கவலையில் சோறு இறங்கவில்லை. அவர் பேசியதற்காக இத்தனை வருடம் சலித்துக்கொண்ட பூவாயிக்கு, இப்போது பேசாதது அதைவிடச் சலிப்பாக இருந்தது. மனதுக்குள் சொன்னால் ஆகாதா என்று கேட்டார்.

“சொல்லிப் பார்த்தேன். எனக்கே சிரிப்பு வரல. அவருக்கு எப்படி வரும்?” என்றார் சடையாண்டியார்.

பன்னிரண்டாம் நாள் காலை பண்டிதர் படைப்பின் தத்துவத்தை விளக்கிக்கொண்டிருந்தபோது, “அந்த எருமை வெளியே வந்ததா?” என்று ஒரு குரல் கேட்டது. கூட்டத்தில் எவனோ குறும்பு செய்கிறான் என்று எண்ணிக் கால்மணி நேரம் திட்டினார். மறுநாளும் அதே கேள்வி. அன்று இருந்தவர்கள் இருவர். இருவரும் வாய் திறக்கவில்லை. குரல் கருவறைக்குள்ளிருந்து வந்தது என்று அப்போதுதான் அவருக்கு உறைத்தது. மெய்சிலிர்த்து வீட்டுக்கு ஓடினார்.

கேட்டவர் இறைவன் என்று தெரிந்தபிறகாவது நேரே விசாரித்திருக்கலாம். படித்தவர் அல்லவா! ஏடுகளைப் புரட்டினார். எருமை என்பது ஆணவம், வீடு என்பது உடல், வாசல் ஒன்பது என்று எட்டுவகைப் பொருள் எழுதிக்கொண்டு மூன்றாம் நாள் சந்நிதியில் நின்று விளக்கினார். ஆறாவது பொருளின் நடுவிலேயே, “அதெல்லாம் இருக்கட்டும். எருமை வெளியே வந்ததா?” என்றது குரல்.

பண்டிதர் தளர்ந்து உட்கார்ந்துவிட்டார். தயங்கித் தயங்கிக் குருக்கள்தான் சொன்னார்: “எனக்குத் தெரிஞ்சது ஒரே எருமைதான். நீங்க வாயைக் கட்டச் சொன்ன அன்னைக்கு சடையாண்டி பாதியில விட்டது.”

அடுத்த நாழிகையில் பண்டிதர் குடிசை வாசலில் இருந்தார். நிலை தாழ்வாக இருந்ததால் நெற்றியில் நன்றாக இடித்துக்கொண்டு உள்ளே போனார்.

“சடையாண்டி, அந்த எருமை வெளியே வந்ததா?”

“வந்துச்சுங்க. ஐயாவுக்கு எதுக்கு அது?”

“எனக்கில்லை. சந்நிதியில் இருப்பவர் மூன்று நாளாக என்னைக் கேட்கிறார்.”

கூரை போனபோது அழாதவர் அப்போது அழுதார். “கேட்டுக்கிட்டுத்தான் இருந்தாரா?” என்றார். பண்டிதர் தம் கையாலேயே அவரை எழுப்பி அழைத்துக்கொண்டு நடந்தார். வெளியேறும்போது தலையைக் குனிய மறக்கவில்லை.

சந்நிதியில் சடையாண்டியார் கண்ணைத் துடைத்துக்கொண்டு, விட்ட இடத்திலிருந்து தொடங்கினார். “கொத்தனார் கடப்பாரையை ஓங்கிட்டாரு சாமி. அந்த நேரத்துல பூவாயி, மாட்டுக்குப் பசிக்குமேன்னு தவிட்டுத் தண்ணியை வாசல்ல கொண்டாந்து வெச்சா. வாசம் பட்டதும் எருமை தலையைச் சாய்ச்சுது. ஒரு கொம்பு முன்னால, ஒரு கொம்பு பின்னால. வந்த மாதிரியே போயிருச்சு. நாங்க ஒன்பது ஆம்பளைங்க கூடி யோசிச்சோம். எருமை யோசிக்கவே இல்ல.”

தீபச்சுடர் லேசாக அசைந்தது.

“உம்” என்றார் நீர்க்கரைநாதர்.

குருக்கள் கேட்டார், பின்னாலேயே வந்து தொட்டியருகே நின்ற கூட்டம் கேட்டது, பண்டிதரும் கேட்டார். சடையாண்டியார் தரையில் விழுந்து வணங்கி, வெகுநேரம் எழவில்லை. எழுந்தபோது பண்டிதர் அவர் கையைப் பிடித்துக்கொண்டு, நாற்பது ஆண்டு சொல்லியும் தமக்கு ஒரு ‘உம்’ கிடைக்கவில்லையே என்று குழந்தையைப்போல் கேட்டார்.

சடையாண்டியார் கொஞ்சம் யோசித்தார். “ஐயா மூச்சு விடாமச் சொல்றீங்க. அவரு எங்கே உம் கொட்டுறது?”

அன்றுமுதல் பண்டிதர் புராணம் சொல்லும்போது இடையிடையே நிறுத்துவார். கூட்டமும் கொஞ்சம் கூடியது. சடையாண்டியார் மறுநாளும் பன்னிரண்டு குடம் சுமந்து, வாய்க்கட்டை அவிழ்த்து, பண்டிதரின் நெற்றி வீக்கத்தைப்பற்றி ஈசனிடம் சொன்னார். இப்படியும் ஓர் அடியார்! நம் எழுத்துக்கு அடங்காமல் நம்மைப் படாதபாடு படுத்தியவர். ஆண்டவன் அடுத்த நாளும் கேட்கக் காத்திருந்த பேச்சுக்குச் சொந்தக்காரர். அவர் சுமந்த குடத்துக்கும் நம் வணக்கம்.