மூச்சு விட்ட சக்கரம்

மரச்சக்கரம் எப்படி மூச்சு விடும்? கேட்டால் சிரிப்பார்கள். விகடம் என்று நினைத்துக் கைதட்டவும் செய்வார்கள். என் பிழைப்பே அப்படியாகிவிட்டது, என்று வடிவுநாச்சி மனதுக்குள் சொல்லிக்கொண்டாள்.

எந்த நாடு, எந்த அரசன் என்று கேட்காதீர்கள். முன்னொரு காலம், அந்த ஓர் அரசவையில் மட்டும் விகடம் சொல்ல ஒரு பெண் இருந்தாள் என்பது போதும். புதுமை என்றால் அந்த ராஜாவுக்கு உயிர். அதைத் தெரிந்துகொண்ட மழவராயர் என்ற பிரதானி, சபை நடுவே ஒரு சக்கரத்தைக் கொண்டுவந்து நிறுத்தியிருந்தார். மேல்தொட்டியிலிருந்து விழும் தண்ணீர் சக்கரத்தைச் சுற்றும். சுற்றும் சக்கரம் அதே தண்ணீரை அள்ளி மேல்தொட்டியில் ஊற்றும். மாடு வேண்டாம், ஆள் வேண்டாம், காற்றும் வேண்டாம்.

"உலகம் உள்ள வரை சுற்றும், மகாராஜா!" என்றார் மழவராயர்.

ராஜா பூரித்துப்போனார். வடிவுநாச்சி தரையைப் பார்த்தாள். ஒவ்வொரு சுற்றிலும் கொஞ்சம் தண்ணீர் சிந்துகிறது. அச்சு முனகுகிறது. சிந்தியதற்கும் முனகியதற்கும் யாராவது ஈடு கொடுத்துத்தானே ஆக வேண்டும்? சக்கரத்தின் பெரிய மரப்பீடத்தருகே போனாள். பக்கவாட்டுத் துளைகளுக்குப் பின்னால் யாரோ இரைத்து இரைத்து மூச்சு வாங்குவது கேட்டது.

உள்ளே அடைபட்ட ஓர் ஆள்தான் சக்கரத்தைச் சுற்றுகிறான். வெளியே சொன்னால், அரசனை ஏமாற்றிய குற்றத்துக்கு அவன் தலை போகும். சொல்லாவிட்டால் உள்ளேயே சாவான்.

மழவராயருக்கு அவளைக் கண்டாலே ஆகாது. "என்ன நாச்சியாரே, வாயடைத்துவிட்டதா? கெட்டிக்காரியாயிற்றே! கை படாமல் இதை நிறுத்திக் காட்டுங்கள் பார்ப்போம். முடியாவிட்டால் சபையை விட்டுப் போய்விடுங்கள்" என்றார்.

"நல்ல பந்தயம்!" என்றார் ராஜா.

"நிறுத்துகிறேன், மகாராஜா. ஆனால் பயமாக இருக்கிறது. இதைச் சுற்ற வைப்பது எதுவோ, அதற்கு ஒரு தீங்கும் வரக்கூடாது. வார்த்தை கொடுங்கள்."

"கொடுத்தேன். இதைச் சுற்ற வைப்பது எதுவோ, அதன்மேல் நானே கை வைத்தாலும் குற்றம். போதுமா?"

"போதும், மகாராஜா. இவ்வளவு அழகான பொருளைச் சில நாளாக ஊரே வந்து பார்த்துவிட்டது. யாரும் இன்னும் திருஷ்டி கழிக்கவில்லையே!"

சபை பதறிப்போனது. ஆமாம், அதை எப்படி மறந்தோம்? மடைப்பள்ளியிலிருந்து நெருப்புச் சட்டி வந்தது. வடிவுநாச்சி கல் உப்பையும் மிளகாய் வற்றலையும் அள்ளிக்கொண்டு மும்முறை சுற்றினாள். அப்புறம் சட்டியைப் பீடத்துத் துளைகளின் பக்கம் வைத்து, அத்தனையையும் நெருப்பில் போட்டாள். 'பொறுத்துக்கொள் அண்ணே' என்று மனதுக்குள் வேண்டிக்கொண்டாள்.

நெடி கிளம்பியது. புலவர்கள் இருமினார்கள். தளபதி இருமினார். பிறகு சக்கரம் தும்மியது.

"அது... அது அச்சு கிறீச்சிட்ட சத்தம்!" என்றார் மழவராயர், கண்ணைத் துடைத்துக்கொண்டே.

"ஐயோ, செத்தேனே!" என்றது பீடம்.

"உங்கள் அச்சு நன்றாகத் தமிழ் பேசுகிறதே, ஐயா!" என்றாள் வடிவுநாச்சி.

சக்கரம் நின்றுவிட்டது. காவலர்கள் பலகையைப் பெயர்த்தார்கள். எலும்பும் தோலுமாக ஓர் ஆள் தவழ்ந்து வந்தான். சின்னாண்டி என்று பெயர் சொன்னான்.

"ஒரு நாள் வேலைன்னு கூட்டியாந்தாங்க சாமி. உள்ள போனதும் வெளியில தாழ்ப்பாளைப் போட்டுட்டாங்க."

"பொய்! இவன் திருடன்!" மழவராயர் வாளை உருவினார்.

"கை வைக்காதீர்கள், ஐயா" என்று வடிவுநாச்சி குறுக்கே வந்தாள். "சக்கரத்தைச் சுற்ற வைப்பது இவர்தான். மகாராஜா வார்த்தை கொடுத்திருக்கிறார்."

ராஜா அவளைப் பார்த்தார், சின்னாண்டியைப் பார்த்தார். மீசை துடித்தது. சட்டென்று வெடித்துச் சிரித்தார். கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தார். "மழவராயரே, சக்கரம் நின்றுவிட்டதே! நீர் உள்ளே போகிறீரா?" பிரதானி தலை குனிந்து நழுவினார். சின்னாண்டிக்குப் பாலும் வைத்தியமும் ஏற்பாடாயின. ராஜா தம் கழுத்து முத்துமாலையைக் கழற்றி வடிவுநாச்சியிடம் கொடுத்தார்.

கொடுத்த கையோடு அருகே அழைத்துக் குரலைத் தாழ்த்தினார்.

"நாச்சி, எனக்கு ஓர் உதவி செய். தானே சுற்றும் சக்கரம் என்று அண்டை நாட்டு ராஜாக்களுக்கெல்லாம் ஓலை அனுப்பிவிட்டேன். வந்துகொண்டிருக்கிறார்கள். இவன் வேண்டாம். திடமான வேறொரு ஆள், நல்ல கூலி, ஒரே ஒரு நாள். மூச்சுச் சத்தம் கேட்காமல் நீ அவர்களைச் சிரிக்க வைத்துக்கொண்டிருந்தால் போதும்."

அவர் முகத்தில் கெட்ட எண்ணம் இல்லை. மானம் போய்விடுமே என்ற குழந்தைப் பயம்தான் இருந்தது. அவளுக்கு அவர்மேல் இரக்கமாகத்தான் இருந்தது. ஆனாலும், இத்தனை வருஷமாக இந்தச் சபையில் நான் கிளப்பிய சிரிப்பில் எத்தனை பேருடைய மூச்சு கேட்காமல் போயிருக்கும் என்ற எண்ணம் அவளைக் குத்தியது.

முத்துமாலையை மெதுவாக அவர் கையிலேயே வைத்தாள்.

"அது மட்டும் என்னால் முடியாது, மகாராஜா."