பல்லி ஏன் சுவரை விட்டு இறங்குவதில்லை

எனக்கு முதலில் கெடுதல் செய்தவன் பல்லி. என் பங்காளிதான். நான் ஓணான்.

அந்தக் காலத்தில் எல்லா உயிர்களும் ஒரே பேச்சைப் பேசின. பல்லி அப்போது எங்களோடு வேலியோரம் வாழ்ந்தான். ஊருக்குச் சேதி சொல்வது அவன் வேலை. பகலெல்லாம் வயிற்றில் மண் ஒட்ட ஊர்ந்துபோய், எதையும் கண்ணால் பார்த்துவிட்டுத்தான் சாயங்காலம் சாவடியில் சொல்வான். அதனால் அவன் சொன்னால் ஊர் நம்பியது.

நாட்டாண்மை வைரவன் புது வீடு கட்டினார். சுவருக்கு மண் ஏரிக்கரையிலிருந்து வந்தது. சுவர் உயர உயரக் கரை இளைத்தது. அந்தக் கரைச் சரிவில்தான் என் பெண்டாட்டி குழி பறித்து முட்டையிட்டிருந்தாள். அதற்கும் கீழே குடிசைகள்.

கரையைப் பார்க்கக் கிளம்பிய பல்லியை வைரவன் வழிமறித்தார். வெயிலில் எதற்கு அலைகிறாய், வீட்டுக்குள் வந்து சுவரில் இரு, விளக்கடிக்குப் பூச்சி தானாக வரும், ஊர் நடப்பை நானே சொல்கிறேன், நீ ஆமாம் போட்டால் போதும் என்றார். பல்லி சுவரேறினான்.

ஐப்பசி மழை பிடித்தது. கரையில் விரிசலைக் கண்டதும் ஓடிப்போய் வைரவன் வீட்டு வாசலில் நின்று கூப்பிட்டேன்.

"பங்காளி, ஒரு நடை வந்து பாருடா. நானே உள்ள நுழையுற அளவுக்கு வெடிச்சிருக்கு."

"நல்லா இருக்குன்னுதானே நாட்டாண்மை சொல்றாரு" என்றான், வாயில் ஈசலோடு.

"அவர் சொல்றது இருக்கட்டும். நீ பார்த்தியா?"

ஈசலை விழுங்கினான். அடுத்த பூச்சிக்கு விளக்கடிப் பக்கம் நகர்ந்தான்.

உள்ளே கூடியிருந்த குடிசைக்காரர்களிடம், கரை கல் மாதிரி இருக்கிறது என்று வைரவன் சொல்லிக்கொண்டிருந்தார். மேலிருந்து பல்லி, "உச், உச்" என்றான். பல்லியே சொல்லிவிட்டது என்று அவர்கள் திரும்பிப்போய் அடுப்பு மூட்டினார்கள்.

மறுநாள் மத்தியானம் கரை உடைந்தது. குடிசைகள் போயின, உள்ளே இருந்தவர்களோடு. முட்டைகளைவிட்டு நகராமல் இருந்த என் பெண்டாட்டியும் போனாள்.

தண்ணீர் வடிந்ததும் மிஞ்சியவர்கள் வைரவனிடம் வந்தார்கள். ஓணான் பறித்த குழியால்தான் கரை போனது என்றார் அவர். நான் பல்லியைப் பார்த்தேன். அவனுக்குத் தெரியும். அவன் கால் ஒட்டியிருந்ததே அந்தக் கரை மண்ணில்தான்.

"உச், உச்" என்றான்.

முதல் கல் என் முதுகில் விழுந்தது.

அன்று முதல்தான், வீட்டுக்குள் யார் எதைச் சொன்னாலும் பல்லி சுவரில் இருந்தபடியே உச்சுக்கொட்டுகிறான். கேட்டவர்களும் அது உண்மை என்கிறார்கள். என்னைக் கண்டால் பிள்ளைகள் கல்லெடுக்கிறார்கள். வேலியில் நின்று நான் தலையாட்டுவதைக் கேலி என்று நினைக்கிறார்கள். இறங்கி வந்து பாருடா என்று அவனைத்தான் கூப்பிடுகிறேன். எனக்கு அவன் ஒரு நடை பாக்கி. இன்னும் வரவில்லை.