தேற்றுப்பு

முன்னொரு காலத்தில், அழுவதற்கே தடை போட்ட ராஜா ஒருவர் இருந்தார். விசயகேது என்பது அவர் பெயர். ஆறு வயது மகன் கதிர்வேளைக் காய்ச்சல் கொண்டுபோன அன்று அவர் அழவில்லை. "என் மண்ணில் இனி ஒரு சொட்டுக் கண்ணீர் விழக்கூடாது. விழுந்தால் நாடுகடத்தல்" என்று முரசறையச் சொன்னார். அன்று போன தூக்கம் அவருக்குத் திரும்ப வரவேயில்லை.

அரண்மனை விகடகவி பெத்தண்ணனுக்கும் அன்றோடு விகடம் வற்றிவிட்டது. பிள்ளைக்கு அவன்தான் குதிரை. சபையில் பழைய வேடிக்கைகளையே திரும்பச் சொல்லிக் காலம் தள்ளினான். யாரும் சிரிக்கவில்லை.

ஒருநாள் வடதேசத்து வியாபாரி ஒருவன் சபைக்கு வந்தான். பேச்சுவாக்கில், "எங்கள் பக்கம் தேற்றுப்பு என்று ஒன்று உண்டு. ஓர் ஊரே ஒரே துக்கத்துக்காக ஒரே பாத்திரத்தில் அழுதால், அந்தக் கண்ணீர் நீலம் பாரித்த உப்பாக உறையும். துயரத்தில் இருப்பவர் ஒரு சிட்டிகை நாக்கில் வைத்தால் போதும், நெஞ்சு பாரம் இறங்கித் தூக்கம் வரும்" என்றான்.

ராஜா நிமிர்ந்து உட்கார்ந்தார். "எனக்கு அது வேண்டும்."

பிரதானி கங்காதரர் எழுந்தார். விகடகவியை எப்படியாவது சபையிலிருந்து கிளப்பிவிட வேண்டும் என்பது அவருடைய வெகுநாள் ஆசை. "மகாராஜா, ஜனங்களை ஆட்டி வைப்பதில் பெத்தண்ணனுக்கு நிகர் யார்? இந்த வேலையை அவரிடமே விடலாம். பௌர்ணமிக்குள் முடியாவிட்டால் நான் பார்த்துக்கொள்கிறேன். வீடு வீடாக மாடுகளை ஓட்டி வந்தால் ஊர் தானாக அழும்."

"அப்படியே ஆகட்டும்" என்றார் ராஜா. "பெத்தண்ணா, ஊர் முழுவதையும் அழவைத்துத் தேற்றுப்பு கொண்டு வா."

பெத்தண்ணனுக்குக் கண்ணி புரிந்தது. அழவைத்தால் தடையை மீறிய குற்றம். அழவைக்காவிட்டால் கட்டளையை மீறிய குற்றம். கூடவே பாவப்பட்ட ஜனங்களின் மாடுகளும் போகும்.

யோசித்தபடியே ஆற்றங்கரைக்குப் போனான். அரண்மனைத் துணி வெளுக்கும் மாடத்தி முழங்கால் தண்ணீரில் நின்று துவைத்துக்கொண்டிருந்தாள். அவளிடம் நடந்ததைச் சொன்னான்.

"எங்களை அழவைக்க மாட்டை வேற ஓட்டணுமா?" என்றாள் மாடத்தி. "சின்னராசா போன அன்னிக்கு முந்தானையை வாயில திணிச்சுக்கிட்டுக் கெடந்தேன் ஐயா. இந்த ஊர்ல எல்லாரும் அப்படித்தான். அழ எடம் குடுத்தா போதும்."

"மண்ணில் ஒரு சொட்டு விழக்கூடாதே, மாடத்தி."

"நான் எங்கே மண்ணுல நிக்கிறேன்?" என்று சொல்லி அவள் துணியைப் பிழிந்தாள்.

பெத்தண்ணன் அவள் காலைச் சுற்றி ஓடும் தண்ணீரைப் பார்த்தான். பிறகு ஓடக்காரர்களைத் தேடி ஓடினான்.

பௌர்ணமியன்று காலை நடு ஆற்றில் ஓடங்கள் ஒன்றோடொன்று கட்டப்பட்டு நின்றன. நடு ஓடத்தில் ஒரு செப்பு அண்டா. ஊரே ஓடமேறிப் போய், முறை வைத்து அண்டாவின் மேல் குனிந்தது. பிள்ளை பல்லக்கை நிறுத்தி யார் யாரிடம் என்ன பேசினான் என்று சொல்லிச் சொல்லி அழுதார்கள். பெத்தண்ணன் தன் முறை வந்தபோது அண்டாவின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு வெகுநேரம் அழுதான்.

கங்காதரர் ராஜாவைக் கையோடு அழைத்து வந்தார். "பார்த்தீர்களா மகாராஜா, தங்கள் ஆணையைப் பட்டப்பகலில் மீறுகிறார்கள்."

"பெத்தண்ணா, தடையை மறந்தாயா?" என்று ராஜா கரையிலிருந்து கேட்டார்.

"மறக்கவில்லை மகாராஜா. தங்கள் மண்ணில் விழக்கூடாது என்பதுதானே ஆணை? ஒரு சொட்டாவது மண்ணில் விழுந்திருக்கிறதா என்று பிரதானியாரையே பார்க்கச் சொல்லுங்கள்."

கங்காதரர் நிஜமாகவே குனிந்து தேடினார். கால் வழுக்கிச் சேற்றில் உட்கார்ந்தார். எழ முயன்றுகொண்டே, "இருக்கட்டும், உப்பு எங்கே? அண்டாவில் வெறும் தண்ணீர்தானே இருக்கும்" என்றார்.

உண்மைதான். உப்பு உறையவில்லை. ராஜா ஓடமேறி வந்து எட்டிப் பார்த்தார். "ஏன் உறையவில்லை?"

"இன்னும் ஒருவர் அழவில்லை மகாராஜா" என்றான் பெத்தண்ணன்.

ராஜா அண்டாவையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு தாழ்ந்த குரலில், "உன் முதுகில் ஏறி அவன் எங்கே போவான்?" என்று கேட்டார்.

"சந்திரனுக்கு. தங்களையும் ஏற்றிக்கொள்ள வேண்டும் என்று சபை வாசலில் என்னை நிறுத்துவான். தாங்கள் எப்போதும் வேலையாக இருப்பீர்கள். 'சரி, அப்பாவுக்கு இடம் விட்டு உட்கார்ந்துக்கிறேன்' என்று கொஞ்சம் பின்னால் நகர்ந்துகொள்வான்."

ராஜா இரண்டு கைகளாலும் அண்டாவைப் பிடித்துக்கொண்டார். கதறி அழுதார். அந்தக் கண்ணீர் விழுந்ததும் தண்ணீர் வெளுத்து, நீலம் பாரித்து, அண்டாவின் அடியிலிருந்து பொரபொரவென்று உப்பு ஏறியது.

அழுது ஓய்ந்தபின் ராஜா முகத்தைத் துடைத்துக்கொண்டார். "என்னையும் ஏமாற்றி அழவைத்துவிட்டாயே."

"கட்டளையைத்தான் செய்தேன். ஊர் முழுவதையும் அழவை என்றீர்கள். தாங்களும் இந்த ஊர்தானே?"

ராஜா அவனை ஒரு கணம் உற்றுப் பார்த்தார். பிறகு சிரித்தார். அந்தச் சிரிப்பைக் கேட்டு எத்தனையோ மாதமான ஜனங்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அவர் தம் முத்துமாலையைக் கழற்றிப் பெத்தண்ணன் கழுத்தில் போட்டார். தடையை நீக்கினார். ராணிக்கென்று ஒரு பிடி உப்பை மடியில் முடிந்துகொண்டு, மிச்சத்தை வீட்டுக்கு வீடு கொண்டுபோய்க் கொடுக்கும் வேலையைச் சேற்றில் நின்ற கங்காதரருக்குக் கொடுத்தார்.

"கரைக்குப் போகலாமா மகாராஜா?" என்று ஓடக்காரன் கேட்டான்.

"இரப்பா. அந்த அம்மா ஏதோ சொல்ல வருகிறார்."

மாடத்தி பக்கத்து ஓடத்தில் தயங்கி நின்றாள். "சின்னராசா வேட்டி மடியில தெனமும் என்ன இருக்கும் தெரியுங்களா மகாராசா?"

"என்ன?"

"தவளைங்க. ஒரு நாள் மூணு இருந்துச்சு. ஆத்துல விட்டுடுன்னு எங்கிட்ட சொல்லி அனுப்புவாரு."

ராஜா அவளுக்கு எதிரே ஓடத்தின் பலகையில் உட்கார்ந்துகொண்டார். "சொல்லுங்கள், அம்மா" என்றார்.