மணல் அம்பாரம்

தூத்துக்குடியில் ஒரு மருத்துவமனையின் பின்கட்டில், மருந்துக் கிடங்குக்கும் சைக்கிள் ஸ்டாண்டுக்கும் நடுவே ஓர் அறை இருந்தது. அந்த அறைக்குள் பெரியவர்கள் யாரும் கேள்வி கேட்கக் கூடாது.

சட்டம் போட்டவள் ஜெசிந்தா. வயது முப்பத்திரண்டு. பேசாத குழந்தை, தூங்காத குழந்தை, கடிக்கிற குழந்தை, பள்ளிக்கூட வாசலைக் கண்டாலே வாந்தி எடுக்கிற குழந்தை எல்லாம் அவளிடம் வரும். அவள் அவர்களோடு தரையில் உட்கார்ந்து விளையாடுவாள். அதுதான் சிகிச்சை. கூட்டிவருகிற தாய்மார் அவளை நர்ஸ் என்று நினைத்து, "சிஸ்டர், டாக்டர் எப்ப வருவாரு?" என்பார்கள். நான்தான் பார்ப்பேன் என்று அவள் சொன்னால், சரி என்று தலையாட்டிவிட்டு மறுபடி வாசலைப் பார்ப்பார்கள்.

அவளிடம் பாடம் படிக்க வந்த மாணவருக்கு வயது ஐம்பத்தொன்று. டாக்டர் நஞ்சப்பன், தர்மபுரிக்காரர். பெரியவர்களுக்கு மனநோய் பார்ப்பதில் இருபது வருஷம் பழம் தின்று கொட்டை போட்டவர். குழந்தைகளைப் பார்க்கப் பழகிக்கொள்ள மூன்று மாதம் இங்கே அனுப்பியிருந்தார்கள். தன் மகளைவிட ஏழெட்டு வயதே மூத்த ஒருத்தியை எப்படிக் கூப்பிடுவது என்று அவருக்குப் பிடிபடவில்லை. ஆகவே எப்படியும் கூப்பிடாமலே நாளை ஓட்டினார்.

வாதம் மட்டும் முதல் நாளே தொடங்கிவிட்டது.

"கேள்வி கேட்காம எப்படிங்க வைத்தியம் பார்க்கிறது?"

"கேட்டா பதில் வரும், டாக்டர்."

"அதுக்குத்தானே கேட்கிறது?"

"உங்களுக்கு வேண்டிய பதில் வரும்."

இது பதிலே இல்லை என்று அவர் நினைத்தார். நினைத்ததோடு நிற்காமல் டீக்கடை வரை வந்து அதைச் சொல்லவும் செய்தார். அவள் டீயை ஆற்றிக்கொண்டே கேட்டுக்கொண்டாள்.

அடுத்த திங்கட்கிழமை சண்முகக்கனி வந்தாள். ஏழு வயது. வந்தாள் என்பதைவிட, அவள் அம்மா வேலம்மாளின் சேலைத் தலைப்புக்குள் இருந்தாள் என்பது சரி.

வீட்டில் இவள் வாயை மூட முடியாது என்றாள் வேலம்மாள். ஆட்டுக்குட்டியைக்கூட நிற்க வைத்து நியாயம் கேட்பாளாம். பள்ளிக்கூட வாசலை மிதித்தால் போதும், ஒரு சொல் வராது. இரண்டு வருஷமாக இதே கதை. கடைக்காரரிடம் பேச மாட்டாள், பக்கத்து வீட்டுக்காரரிடம் பேச மாட்டாள். இப்போது பள்ளிக்கூடத்தில் ஒரு தாளைக் கொடுத்து அனுப்பியிருக்கிறார்கள்.

தாளில் இரண்டு கட்டங்கள் இருந்தன. 'இதே பள்ளியில் தொடரலாம்.' 'சிறப்புப் பள்ளிக்கு மாற்றலாம்.' கீழே டாக்டர் கையெழுத்து. மே மாதத்துக்குள் வேண்டும். ஜெசிந்தாவின் கையெழுத்து அங்கே செல்லாது. பத்து வருஷமாக இந்த அறையில் உட்கார்ந்திருப்பவள் அவள்தான், ஆனால் தாள் கேட்டது டாக்டரை.

"அந்தப் பள்ளிக்கூடம் ஊருக்கு அந்தக் கடைசி, சார். ரெண்டு பஸ் மாறணும்" என்றாள் வேலம்மாள். "நானும் அவ அப்பாவும் விடியுமுன்ன அளத்துல நிப்போம். யாரு கொண்டு விடுவா? படிப்பு நின்னா, எம் பின்னாடி உப்பு வாரத்தான் வருவா."

நஞ்சப்பன் நோட்டில் எழுதினார்: பெற்றோர் தொழில், உப்பளக் கூலி. தாத்தா இறந்து இரண்டு வருஷம். இரண்டாவது வரியின் கீழ் இரண்டு கோடு போட்டார்.

கனியை அவரே பார்க்கட்டும் என்று ஜெசிந்தா விட்டுவிட்டாள்.

அறையில் பொம்மைகள், சட்டி பானை, வண்டிகள், ஒரு மூலையில் மரத்தட்டு நிறைய மணல். கனி எதையும் பார்க்கவில்லை, நேராக மணலுக்குப் போனாள். கையால் வாரி வாரி ஒரு குவியல் வைத்தாள். பக்கத்தில் இன்னொன்று. நீளவாக்கில் வரிசையாக ஐந்து. பிறகு குப்பைக்கூடையிலிருந்து காகிதம் எடுத்து, கிழித்து, ஒவ்வொரு குவியலையும் மூடினாள். நாற்பது நிமிஷம் முடிந்ததும் எழுந்து போனாள்.

நஞ்சப்பனுக்கு மயிர்க்கூச்செறிந்தது. வரிசையாகக் குவியல்கள். வெள்ளைத் துணியாகக் காகிதம். இரண்டு வருஷத்துக்கு முன்னால் செத்துப்போன தாத்தா. பாடப்புத்தகத்தில்கூட இவ்வளவு பளிச்சென்று வராது.

அடுத்த திங்களும் அதே ஐந்து குவியல், அதே காகிதம். அவர் நோட்டில் எட்டுப் பக்கம் எழுதினார்.

மூன்றாவது திங்கள், கனி நான்காவது குவியலை மூடிக்கொண்டிருந்தபோது, அவர் மிக மென்மையாக, குரலைத் தாழ்த்திச் சொன்னார்:

"இது தாத்தாவோட சமாதி. தாத்தா போனது உனக்கு ரொம்பக் கஷ்டமா இருக்கு."

கனியின் கை அந்தரத்தில் நின்றது. காகிதத்தைக் கீழே வைத்தாள். பாவாடையில் மணலைத் துடைத்தாள். மீதி நேரம் முழுக்கக் கதவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

நான்காவது திங்கள் அவள் மணல் பக்கமே போகவில்லை. சுவரைப் பார்த்து உட்கார்ந்தாள். நாற்பது நிமிஷமும் சுவர்தான்.

அன்றைக்குச் சாயங்காலம் நஞ்சப்பன் நோட்டையும் அந்தத் தாளையும் கொண்டுவந்து ஜெசிந்தாவின் முன்னால் வைத்தார். நடந்ததைச் சொன்னார். சொல்லும்போதே வாதம் வந்துவிட்டது.

"நான் சட்டத்தை மீறலைங்க. கேள்வி கேட்கவே இல்லை. சொன்னேன், அவ்வளவுதான்."

ஜெசிந்தா எட்டுப் பக்கத்தையும் படித்தாள்.

அவருக்கு இருப்புக்கொள்ளவில்லை. இந்தத் துறையில் ஆளுக்கொரு வழி சொல்கிறார்கள் என்றார். மனசின் அடியில் கிடப்பதைத் தோண்டி எடு என்கிறது ஒரு கட்சி. ஒரு சொல் பேசினால் ஒரு ஸ்டிக்கர் கொடு, தானாகப் பழகிவிடும் என்கிறது இன்னொரு கட்சி. பிள்ளையை விடு, பெற்றவர்களைத் திருத்து என்கிறது மூன்றாவது. நீங்களோ சும்மா விளையாடு என்கிறீர்கள். இன்னும் ஒரே ஒரு திங்கள்தான் இருக்கிறது. அதற்குள் பேசாவிட்டால் நான் இரண்டாவது கட்டத்தில்தான் டிக் போட வேண்டிவரும், பொய்க் கையெழுத்துப் போட என்னால் ஆகாது.

"எது சரியான வழி? அதை மட்டும் சொல்லுங்க."

"உட்காருங்க, டாக்டர். மணல்ல ஏதாவது செய்யுங்க."

"நானா?"

"ஆமா."

இருபது வருஷ அனுபவசாலி, முழங்கால் நெட்டி முறிய, மணல் தட்டின் முன் உட்கார்ந்தார். என்ன செய்வது என்று தெரியவில்லை. மூன்று கூழாங்கற்களை எடுத்து முக்கோணமாக வைத்தார். நடுவில் சின்னதாகக் குழி பறித்தார். ஒரு பொம்மைச் சட்டியைத் தேடி எடுத்து, அதை வைக்கப் போனார். வெட்கமாக இருந்தாலும், கையில் மணல் படுவது சுகமாகத்தான் இருந்தது.

ஜெசிந்தா மிக மென்மையாக, குரலைத் தாழ்த்திச் சொன்னாள்:

"இது கிணறு. இதுக்குள்ள உங்க தம்பி விழுந்துட்டார். அது உங்களுக்கு ரொம்பக் கஷ்டமா இருக்கு."

"எனக்குத் தம்பியே கிடையாதுங்க!"

அவள் தலையை மட்டும் ஆட்டினாள், 'வலிக்கிறது, மறுக்கிறார்' என்பதுபோல. அந்தத் தலையாட்டலை அவருக்கு நன்றாகத் தெரியும். இருபது வருஷமாக அவர் ஆட்டுவது.

"இது அடுப்பு" என்றார் கோபமாக. "எனக்கு டீ குடிக்கணும்போல இருந்தது. அவ்வளவுதான்."

"கையை எடுத்துட்டீங்க, டாக்டர்."

அவர் பார்த்தார். சட்டி ஒரு பக்கம் கிடந்தது. தன் இரண்டு கைகளும் எப்போது மடிக்கு வந்தன என்று அவருக்கே தெரியவில்லை.

ஜெசிந்தா எழுந்து போய் இரண்டு டீ வாங்கிவந்தாள். அவர் வாதம் செய்யாமல் வாங்கிக் குடித்தார்.

ஐந்தாவது திங்கள் வேலம்மாள் வரும்போதே தாளைப் பற்றிக் கேட்டாள். பார்க்கலாம் என்றார் நஞ்சப்பன். மடித்த தாள் சட்டைப்பையில் இருந்தது.

கனி சுவரைப் பார்த்து உட்கார்ந்தாள்.

அவருக்குச் சொல்ல ஒன்றும் மிச்சமில்லை. கொஞ்ச நேரம் விசிறியைப் பார்த்தார். பிறகு சும்மா இருக்க முடியாமல் மணல் தட்டை இழுத்து, ஒரு குவியல் வைத்துப் பார்த்தார். கனி வைத்தால் கூம்பாக நிற்கும். இவர் வைத்தது சரிந்து சரிந்து தோசை மாதிரி பரவியது. மறுபடி வாரினார், மறுபடி சரிந்தது. மூன்றாம் தடவை அவருக்கு ரோஷம் வந்துவிட்டது. பெண்ணை மறந்தார், தாளை மறந்தார். எப்படியாவது இதை நிற்க வைத்தாக வேண்டும்.

சுவர்ப்பக்கம் இருந்த முகம் பாதி திரும்பியிருந்ததை அவர் கவனிக்கவில்லை.

ஈர மணல்தான் நிற்கும் என்று தோன்றியது. பையிலிருந்து தண்ணீர் பாட்டிலை எடுத்து, மூடியைத் திருகி, குவியலின் தலையில் சாய்த்தார்.

"தண்ணி ஊத்தாதீங்க. கரைஞ்சிரும்."

தெளிவான, கொஞ்சம் எரிச்சலான குரல்.

மணல் கரையாதும்மா என்ற வாக்கியம் அவர் நாக்கு நுனிவரை வந்துவிட்டது. வாழ்நாளில் இவ்வளவு சுலபமாக ஜெயிக்கக்கூடிய வாதம் அவருக்கு வாய்த்ததில்லை. வாயைத் திறந்தவர், அப்படியே மூடிக்கொண்டார்.

பாட்டிலையும் மூடினார்.

கனி எழுந்து வந்தாள். நனைந்த மணலை ஒரு பக்கமாக ஒதுக்கினாள். "இது வடியட்டும்" என்றாள், தனக்குச் சொல்வதுபோல. பிறகு காய்ந்த மணலை இரண்டு கையாலும் வாரி, உயரத்திலிருந்து ஒரே இடத்தில் விட்டாள். குவியல் எழும்பியது.

அவரும் வாரினார்.

"அம்பாரத்தை மிதிக்காதீங்க" என்றாள். அவருடைய பெருவிரல் தட்டின் ஓரத்தைத் தொட்டுக்கொண்டிருந்தது. காலை மடக்கிக்கொண்டார்.

ஐந்து அம்பாரம் ஆனதும் அவளே காகிதம் எடுத்துவந்து அவரிடம் பாதியைக் கொடுத்தாள். அவர் மேலிருந்து கீழே மூடத் தொடங்கினார். அவள் அவர் கையைப் பிடித்து நிறுத்தினாள்.

"கீழயிருந்து வரணும். மேல போட்டுட்டுக் கீழ போட்டா மழைத்தண்ணி உள்ள போயிரும். எங்கம்மா ஓலை அப்படித்தான் போடுவாங்க."

அவருக்குக் கேட்க ஆயிரம் கேள்விகள் இருந்தன. ஒன்றைக்கூடக் கேட்கவில்லை. கீழேயிருந்து ஓலை போட்டார்.

கதவுக்கு வெளியே வேலம்மாள் சுவரோடு சாய்ந்து நின்றிருந்தாள். உள்ளே மகள் யாரையோ வேலை வாங்குகிற சத்தம் கேட்டது. வீட்டில் கேட்கிற அதே சத்தம். அவள் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டு, பக்கத்தில் நின்ற ஜெசிந்தாவைப் பார்த்து, "டாக்டரம்மா" என்றாள். அதற்குமேல் அவளுக்கும் பேச்சு வரவில்லை.

போகும்போது கனி வாசலில் திரும்பி, அடுத்த வாரம் பாட்டில் கொண்டுவர வேண்டாம் என்று நஞ்சப்பனிடம் சொல்லிவிட்டுப் போனாள்.

அவர் தாளை எடுத்து, முதல் கட்டத்தில் டிக் போட்டுக் கையெழுத்திட்டார். கீழே நான்கு வரி எழுதினார். இந்தப் பெண்ணை நிற்க வைத்துப் பதில் கேட்க வேண்டாம். அவளுக்குத் தெரிந்த வேலை ஒன்றை வகுப்பில் தப்பாகச் செய்து பாருங்கள். பொறுத்துக்கொள்ள மாட்டாள். அவளைத் திருத்த விடுங்கள்.

பிறகு நோட்டைப் புரட்டினார். முதல் பக்கத்தில், அவருடைய கையெழுத்திலேயே இருந்தது: பெற்றோர் தொழில், உப்பளக் கூலி. லாட்ஜிலிருந்து பஸ்ஸில் வரும் வழியில் தினமும் இரண்டு பக்கமும் வெள்ளை வெள்ளையாக உப்பு அம்பாரங்கள். சிலவற்றை ஓலையால் மூடியிருப்பார்கள். அந்த இருபது நிமிஷமும் அவர் குனிந்து, குழந்தை மனம் பற்றிப் படித்துக்கொண்டு வருவார்.

சைக்கிள் ஸ்டாண்டில் ஜெசிந்தா வண்டியை எடுத்துக்கொண்டிருந்தாள்.

"டீச்சர்" என்றார்.

அவள் நின்றாள்.

"அது உப்புன்னு உங்களுக்குத் தெரியும்."

"இந்த ஊர்ல பொறந்தவ நான்."

"அப்போ சொல்லியிருக்கலாமே. அந்தப் பிள்ளை நாற்பது நிமிஷம் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தது, டீச்சர்."

"அது என் தப்பு" என்றாள் ஜெசிந்தா. "உங்க நோட்டை நான் முன்னாலேயே வாங்கிப் படிச்சிருக்கணும். சமாதின்னு சொல்லாதீங்கன்னு தடுத்திருப்பேன்."

"உப்புன்னும் சொல்லியிருப்பீங்க."

"மாட்டேன்."

அவருக்குச் சுருக்கென்றது. பழைய வாதம் தலைதூக்கியது. "ஏங்க? எனக்குத் தெரிஞ்சிருந்தா எல்லாம் முதல் வாரமே முடிஞ்சிருக்கும்."

ஜெசிந்தா வண்டியின் ஸ்டாண்டைத் தட்டிவிட்டாள்.

"நான் சொல்லியிருந்தா உங்களுக்குத் தெரிஞ்சிருக்கும், டாக்டர். அப்புறம் உங்ககிட்ட சொல்ல அவகிட்ட என்ன இருந்திருக்கும்?"