முள்ளில் சிக்கிய வீட்டுக்குறி

மூன்று மலைகள் கூடும் இடத்தில், எந்தப் பாதையும் போய்ச் சேராத ஒரு காடு இருந்தது, குழந்தைகளே. அதன் நடுவே ஓர் ஏரி. பொழுது சாய்ந்ததும் ஏரியிலிருந்து பனிமூட்டம் எழும். பனியோடு சேர்ந்து ஒளிக்குறிகளும் எழும்.

வளைவும் கோடும் புள்ளியுமாக அவை காற்றில் மிதந்து வரும். அவற்றை எழுதியது யாரென்று ஒருவருக்கும் தெரியாது. ஆனால் ஒவ்வொரு குறிக்கும் ஒரு வேலை உண்டு. கொக்கிபோல் வளைந்த நீலக்குறி மொட்டுகளைத் தொட்டு மலர வைக்கும். மூன்று வெள்ளைக் கோடுகள் ஓடையில் இறங்கிக் கலங்கிய நீரைத் தெளிய வைக்கும். பொன்னிறச் சுழி ஒன்றும் உண்டு. அதுதான் வீட்டுக்குறி. மேயப் போன குட்டிகளும் குஞ்சுகளும் பனியில் வழி தெரியாமல் நிற்கும்போது, அது முன்னால் மிதந்து போய் ஒவ்வொன்றையும் அதனதன் தாயிடம் சேர்த்துவிடும்.

அந்தக் காட்டில் சிலும்பன் என்றொரு முள்ளம்பன்றி வாழ்ந்தது. யாருக்கும் கெடுதல் நினைக்காத பிராணி. ஆனாலும் அது எதிரே வந்தால் எல்லோரும் பாதையை விட்டு ஒதுங்கிவிடுவார்கள். ஒருவரும் அதன் பக்கத்தில் வந்து உட்கார்ந்ததில்லை. தனிமை தனக்குப் பழகிவிட்டது என்று சிலும்பன் தன்னிடமே சொல்லிக்கொள்ளும்.

ஒரு மாலை அது கிழங்கு தோண்டிக்கொண்டிருந்தபோது, தாழ மிதந்து வந்த வீட்டுக்குறி அதன் முதுகு முள் ஒன்றில் சிக்கிக்கொண்டது. உடம்பை ஒருமுறை உலுக்கினால் போதும், முள் உதிர்ந்து குறி விடுபட்டுவிடும். சிலும்பனும் அப்படித்தான் செய்ய நினைத்தது. அதற்குள் புதரை விலக்கிக்கொண்டு மருளி என்ற மான்குட்டி வந்தது. அதன் பின்னால் இரண்டு முயல்குட்டிகள் வந்தன. அவற்றின் பின்னால் வரிசையாக ஆறு கௌதாரிக் குஞ்சுகள்.

"வீடு வந்துவிட்டது" என்று சொல்லி மருளி சிலும்பனுக்கு அருகில் படுத்துக்கொண்டது. மற்றவையும் சுற்றிப் படுத்தன.

சிலும்பனுக்கு நெஞ்சு நிறைந்துபோனது. பொன்னொளியில் பனி மெல்ல அசைந்தது. ஏரியே வானத்தில் மிதப்பதுபோல் இருந்தது. தூரத்தில் ஒரு பெண்மான் தன் குட்டியைக் கூப்பிடும் குரல் கேட்டது. சிலும்பன் கேட்காததுபோல் இருந்துவிட்டது. இன்னும் சிறிது நேரம் போகட்டும், பிறகு விட்டுவிடலாம் என்று நினைத்தது.

அந்த ஒளியைப் பார்த்துவிட்டு நரி ஒன்று வந்தது. குட்டிகளை ஒவ்வொன்றாகப் பார்த்தது. பிறகு குழைந்து பேசியது. இத்தனை பிள்ளைகள் இப்படி வெட்டவெளியில் குளிரில் கிடக்கலாமா, தன்னுடைய குகை சும்மாதானே கிடக்கிறது, ஒரே வாசல், காற்றுகூட உள்ளே வராது என்றது.

"உன்மேல் எவ்வளவு பாசம் பார் அண்ணா, இந்தப் பிள்ளைகளுக்கு!" என்றும் சேர்த்துச் சொன்னது.

அந்த ஒரு சொல்லில் சிலும்பன் மயங்கிவிட்டது. அது முன்னே நடக்க, குட்டிகளும் குஞ்சுகளும் பின்னே நடந்தன. எல்லோருக்கும் பின்னால் நரி நடந்தது.

குகைக்குள் போனதும் மருளி குளிருக்கு ஒதுங்கி சிலும்பனை ஒட்டிப் படுத்தது. முள் குத்தி அதன் கழுத்தில் ரத்தம் துளிர்த்தது. சிலும்பன் பதறி விலகியது. மருளி மறுபடியும் நெருங்கியது.

"வலிக்கவில்லையா? தள்ளிப் படு" என்றது சிலும்பன்.

"வலிக்கிறது. ஆனால் வீடு இங்கேதானே இருக்கிறது" என்றது மருளி.

அப்போதுதான் சிலும்பன் அதன் கண்களைக் கவனித்தது. அவை சிலும்பனைப் பார்க்கவில்லை. முதுகுக்கு மேலே மின்னிய பொற்சுழியைப் பார்த்துக்கொண்டிருந்தன. முயல்குட்டிகளும் அப்படியே. குஞ்சுகளும் அப்படியே.

"மருளி, என்னைப் பார். நான் யார்?" என்று சிலும்பன் கேட்டது.

மான்குட்டி வெகுநேரம் யோசித்தது. "தெரியவில்லையே" என்றது.

சிலும்பன் குகை வாசலைத் திரும்பிப் பார்த்தது. நரி வாசலை அடைத்தபடி நின்று உதட்டை நக்கிக்கொண்டிருந்தது. அந்தப் பெண்மானின் குரல் இன்னும் எங்கோ கேட்டது. கூப்பிட்டுக் கூப்பிட்டு இப்போது அது கம்மிப் போயிருந்தது.

சிலும்பன் அதற்குமேல் யோசிக்கவில்லை. முட்களைச் சிலிர்த்துக்கொண்டு பின்பக்கமாகவே பாய்ந்து நரிமேல் மோதியது. மூக்கிலும் முகத்திலும் முட்கள் தைக்க, நரி ஊளையிட்டபடி புதர்களுக்குள் ஓடி மறைந்தது. வாசலில் நின்று சிலும்பன் உடம்பை ஓங்கி உலுக்கியது. முட்கள் உதிர்ந்தன. வீட்டுக்குறி விடுபட்டு மேலே எழுந்தது.

குட்டிகள் தூக்கத்திலிருந்து விழித்ததுபோல் கண் சிமிட்டின. எதிரே நின்ற முள் உருவத்தைப் பார்த்து அலறின. மருளிதான் எல்லோரையும்விட அதிகமாக நடுங்கியது. சிலும்பன் சுவரோரமாக ஒதுங்கி வழிவிட்டது. பொற்சுழி முன்னே மிதக்க, அவை அதன் பின்னால் பனிக்குள் ஓடிப்போயின. சற்று நேரத்தில் அந்தப் பெண்மானின் குரல் நின்றுபோனது.

மறுநாள் மாலை சிலும்பன் தன் வளைக்கு வெளியே தனியாக உட்கார்ந்திருந்தது. பனிக்குள்ளிருந்து மருளியும் அதன் தாயும் வந்தார்கள். நேற்று நடந்ததை மருளி அரைகுறையாகச் சொன்னதாகவும், மீதியைத் தானே ஊகித்துக்கொண்டதாகவும் தாய்மான் சொன்னது. அதன் குரல் இன்னும் கரகரத்தது.

"என் குரல் உனக்குக் கேட்டிருக்குமே?" என்று அது கேட்டது.

"கேட்டது. கேட்காததுபோல் இருந்துவிட்டேன்" என்றது சிலும்பன்.

தாய்மான் குனிந்து மருளியின் கழுத்துக் காயத்தை நக்கியது. பிறகு அங்கேயே, முள் எட்டாத தூரத்தில், புல்மேல் படுத்துக்கொண்டது. மருளி தாயின் வயிற்றில் சாய்ந்தபடி சிலும்பனை உற்றுப் பார்த்தது. முகத்தைப் பார்த்தது, மூக்கைப் பார்த்தது, கண்களைப் பார்த்தது. அவர்கள் தலைக்கு மேலே குறிகள் ஒவ்வொன்றாகத் தத்தம் வேலைக்கு மிதந்து போய்க்கொண்டிருந்தன.

நீதி: பிறருடையதைப் பிடித்து வைத்துச் சேர்த்த உறவு நம்மைப் பார்ப்பதில்லை, அதை விட்டுக்கொடுத்த பிறகு வருவதே நம் உறவு.