வாடகைக் கொடி

கதை முடிவில் ஒரு கேள்வி வரும், அதற்குப் பதில் சொல்லாமல் எழுந்து போகக் கூடாது. இந்த நிபந்தனைக்குச் சம்மதம் என்றால் மேலே படியுங்கள்.

தூத்துக்குடிக்காரரான இன்னாசி கொரேரா ஒரு சரக்குக் கப்பலின் கேப்டன். அந்தக் கப்பலுக்கு ஜாதகம் எழுதச் சொன்னால் எந்தச் சோதிடரும் தலையில் கை வைத்துக்கொள்வார். கட்டியது கொரியாவில். சொந்தக்காரர்கள் கிரேக்கர்கள். நடத்துகிற கம்பெனி சிங்கப்பூரில். மாலுமிகள் நாலு தேசத்தவர். பின்புறம் பறக்கும் கொடி மட்டும் தலோவா என்ற குட்டித் தீவு நாட்டினுடையது. கட்டணம் வாங்கிக்கொண்டு அயலார் கப்பல்களுக்குத் தன் கொடியைத் தருவது அந்த நாட்டின் பிழைப்பு. கப்பலின் சொந்தத் துறைமுகம் என்று பின்புறத்தில் எழுதியிருந்ததும் தலோவாதான். அங்கே தோணிதான் நிற்க முடியும். இந்தக் கப்பல் போனால் தரைதட்டிவிடும். கொரேரா அந்த ஊரைக் கண்ணால் கண்டதில்லை, காணும் ஆசையும் இல்லை.

ஒருநாள் மேல்தளத்து ஆட்களுக்குத் தலைவனான சிலுவை வந்து நின்றான். அவனும் தூத்துக்குடிதான்.

"சார், கொடி நார் நாராக் கிழிஞ்சு கெடக்கு. புதுசு ஒண்ணு வாங்கணும்லா."

"வாடகை வீட்டுக்கு எவம்ல வெள்ளை அடிப்பான்? கெடக்கட்டும் போ," என்றார் கொரேரா.

அந்த வாரமே நடுக்கடலில் மரப்படகு ஒன்று கண்ணில் பட்டது. எஞ்சின் நின்றுபோய், பாதி தண்ணீர் ஏறி, எந்த நிமிடமும் மூழ்கலாம் என்ற நிலை. அதில் ஆண்களும் பெண்களுமாகப் பதினோரு பேர். ஒரு தாயின் மடியில் காய்ச்சலில் துவண்ட குழந்தை. பிறந்த நாடு அவர்களைத் தன் மக்கள் இல்லை என்று துரத்திவிட்டது, போக நினைத்த நாட்டுக்கு அவர்கள் யாரென்றே தெரியாது. கொரேரா யோசிக்கவில்லை. கப்பலை நிறுத்தி, கயிற்றேணி இறக்கி, எல்லோரையும் ஏற்றிக்கொண்டார். தவிக்கிறவனைக் கண்டும் காணாமல் போனவனுக்கு மறுபடி கடல் வழிவிடாது என்பது அவர் வளர்ந்த கடற்கரையில் பால்குடிப் பிள்ளைக்கும் தெரிந்த சங்கதி.

பிறகுதான் சிங்கப்பூருக்குத் தகவல் சொன்னார். அங்கே கப்பலுக்குப் பொறுப்பான மேலாளர் கலாவல்லி. சரக்கு தாமதமானால் பழி அவர் தலையில்தான் விடியும்.

"பக்கத்துத் துறைமுகத்துக்குத் திருப்புங்க கேப்டன். மேல இருக்கிறவங்களுக்கு நான் பதில் சொல்லிக்கிறேன். என் வேலை போனா வேற வேலை தேடிக்கலாம்."

கப்பல் திரும்பியது. ஆனால் துறைமுக அதிகாரி கப்பலை வெளியிலேயே நங்கூரம் போடச் சொன்னார். கெட்ட மனிதர் அல்ல. கேட்பதற்கு முன்பே படகில் மருத்துவரை அனுப்பிக் குழந்தைக்கு மருந்து கொடுக்க வைத்தவர். ஆனாலும் சட்டம் அவர் கையைக் கட்டியிருந்தது. "இவர்களுக்கு ஏதாவது ஒரு நாடு பொறுப்பேற்க வேண்டும். அதுவரை ஒருவரும் இங்கே இறங்க முடியாது," என்றார். கொரேராவும் கலாவல்லியும் தட்டாத கதவில்லை. பெரிய நாடுகள் எல்லாம் வருத்தம் தெரிவித்தன. வருத்தத்தின் மேல் யாரும் கால் ஊன்றி நிற்க முடியுமா? கப்பலில் குடிநீர் இறங்கிக்கொண்டே வந்தது. குழந்தையின் காய்ச்சலும் முழுதாய் விடவில்லை.

கொடிக்குரிய நாட்டுக்கும் தெரிவிக்க வேண்டும் என்பது விதி. அதற்காக மட்டும்தான் கொரேரா தலோவாவை அழைத்தார். கப்பல் பதிவைக் கவனிக்கும் தெவினா என்ற பெண் எடுத்தாள். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு ஒன்றே ஒன்று கேட்டாள்.

"அவர்கள் நம் கப்பலில்தானே இருக்கிறார்கள்?"

"ஆமாம்," என்றார் கொரேரா. இத்தனை நாளில் அந்தக் கப்பலை 'நம் கப்பல்' என்று யாரும் சொல்லி அவர் கேட்டதில்லை.

மறுநாள் காலை தலோவா அரசின் பதில் வந்தது. 'எங்கள் கொடியின் கீழ் நிற்பவர்கள் எங்கள் மண்ணில் நிற்பவர்கள். வேறு நாடு ஏற்காவிட்டால் நாங்கள் ஏற்கிறோம்.' தெவினா தொலைபேசியிலும் பேசினாள். கடல் ஏறி ஏறி அவர்கள் தீவின் கல்லறைத் தோட்டத்தையே விழுங்கிவிட்டதாம். "இடம் குறைவுதான். கொஞ்சம் நெருங்கி உட்கார்ந்துகொள்வோம்," என்றாள்.

துறைமுகம் திறந்தது. அதிகாரி தாமே கப்பலடிக்கு வந்து, குழந்தையைக் கைகளில் வாங்கி இறக்கினார்.

இப்போது சொல்லுங்கள். பிழைப்பைப் பணயம் வைத்துக் கப்பலை நிறுத்திய கொரேரா, பழியைத் தன் தலையில் ஏற்ற கலாவல்லி, சட்டம் தடுத்தபோதும் மருத்துவரை அனுப்பிய அதிகாரி, கொடியை வாடகைக்கு விட்டுப் பிழைத்த தலோவா. இவர்களில் யார் செய்தது பெரிது?

விடை: தலோவா செய்ததே பெரிது. கொரேரா கடலோடியின் தர்மத்தைக் காத்தார். கலாவல்லியும் அதிகாரியும் மனிதர்களாக நடந்தார்கள். மூவரையும் கையெடுத்துக் கும்பிடலாம். ஆனால் அவர்கள் செய்ததெல்லாம் சேர்ந்தும் அந்தப் பதினோரு பேரையும் கடலிலேயேதான் வைத்திருந்தது. உலகத்தையே சுற்றிவரும் கம்பெனியிடம் எத்தனையோ கப்பல் உண்டு, கால் வைக்கக் கொடுக்க ஒரு சாண் மண் கிடையாது. மண்ணைத் தர ஒரு நாட்டால்தான் முடியும். மண் நிறைய வைத்திருந்த நாடுகள் கை விரித்தபோது, இருக்கிற மண்ணும் கரைந்துகொண்டிருந்த நாடு கொடுத்தது. இதில் சந்தேகம் உள்ளவர்கள் கொரேராவைக் கேட்கலாம். அந்தத் துறைமுகத்தில் கரையிறங்கியதும் அவர் சிலுவையைக் கூட்டிக்கொண்டு முதலில் போனது, கப்பலுக்குத் தலோவாவின் புதுக் கொடி ஒன்று தைக்கக் கொடுக்கத்தான்.